பெரியப்பாவுக்குக் காவல் இருந்த ஐப்பசி

முட்டிவலிக்குத் தைலம் தேய்த்துக்கொண்டே இதைப் படிக்கிற என் வயசுக்காரர்கள் எல்லாருக்கும் சீனாச் சண்டை ஞாபகம் இருக்கும். பள்ளிக்கூடத்தில் உண்டி குலுக்கினோம். கம்மலையும் மூக்குத்தியையும் கழற்றிக் கொடுத்தோம் என்று இன்றைக்கும் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறோம். நானும் சொல்வேன். ஆனால் அந்த ஐப்பசியில் நான் செய்த காரியத்தை என் பிள்ளைகளிடம்கூட முழுசாகச் சொன்னதில்லை. விளக்கேற்றும்போது அம்மனிடம் மட்டும் சொல்லிக்கொண்டிருந்தேன். இப்போது உங்களிடமும் சொல்லிவிடுகிறேன். நான் எட்டாவது வரைக்கும் படித்தவள். கோர்வையாக வராது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் வீடு விழுப்புரத்தில். எனக்கு அப்போது ஒன்பது வயசு. கைக்குழந்தையாக இருந்த தம்பிக்கு அம்மை போட்டிருந்தது. வாசலில் வேப்பிலை செருகின அன்றைக்கே அப்பா என்னைப் பாசஞ்சர் வண்டியில் கூட்டிப்போய்த் திண்டிவனத்தில் பெரியப்பா வீட்டு வாசலில் இறக்கிவிட்டார். உள்ளே வரவில்லை. அம்மை கண்ட வீட்டுக்காரர் இன்னொரு வீட்டுப் படி ஏறக்கூடாது. "மூணாந் தண்ணி ஊத்தினதும் வந்து இட்டுக்கினு போறேன்" என்று தெருவில் நின்றே சொல்லிவிட்டுப் போனார்.

அது மல்லாட்டை எண்ணெய், அதாவது நிலக்கடலை எண்ணெய், ஆட்டுகிற மில்லோடு சேர்ந்த வீடு. பெரியம்மாவின் அப்பா வைத்துவிட்டுப் போன மில். எந்தக் கதவைத் திறந்தாலும் பிண்ணாக்கு வாசனை. அந்த வருஷம் மழை விடாமல் பிடித்துக்கொண்டது. நனைந்த கோணிகளை ஹாலில் காயப்போட்டிருப்பார்கள். துணி காயாது, கோணி காயாது, தலைமுடி காயாது. விளையாட ஒரு பிள்ளை கிடையாது. பெரியப்பா பெரியம்மாவுக்குக் குழந்தை இல்லை.

பெரியப்பாவைப் பற்றிச் சொல்லவேண்டும். அவர் மெட்ராஸில் காலேஜ் படிக்கும்போதே ஏரோப்ளேன் ஓட்டக் கற்றுக்கொண்டு, வெள்ளைக்காரன் காலத்துச் சண்டையில் பர்மா எல்லையில் ஓட்டினவர். ஒரே ஒரு ஆள் உட்காருகிற சண்டை விமானமாம். அதற்காக அவருக்கு ஒரு மெடல் கொடுத்திருந்தார்கள். ஊதாவும் வெள்ளையும் சாய்வாகக் கோடு போட்ட நாடாவில் தொங்கும் வெள்ளிச் சிலுவை. சிலுவை மாதிரி இருந்ததால் அதைப் பூஜை அலமாரியில் வைக்கலாமா என்று பெரியம்மாவுக்கு ரொம்ப நாள் சந்தேகம். கடைசியில் கோயில் குருக்களைக் கேட்டு, முருகன் படத்துக்குப் பின்னால் வைத்தாள். வெள்ளிக்கிழமைகளில் படத்துக்குப் பொட்டு வைக்கும்போது அதற்கும் ஒரு பொட்டு விழும்.

பெரியப்பாவின் இடது காதிலிருந்து கழுத்துவரை தீக்காயம். உருகின மெழுகு போல இருக்கும். கதவைச் சாத்தினால் அவருக்குச் சாப்பாடு இறங்காது. எந்த அறையில் உட்கார்ந்தாலும் வாசலைப் பார்த்துத்தான் உட்காருவார். மில் ஆபீஸில் நாற்காலியைப் பாதி வராந்தாவில் போட்டுக்கொண்டு, சாரல் முகத்தில் அடிக்க அடிக்க இருப்பார். "ஐயா உள்ள குந்துங்களேன்" என்று மில் ஆட்கள் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டார்கள்.

கல்யாணமான புதுசில் அவர் சண்டைக்குப் போனார். பர்மாக் காட்டில் விமானம் விழுந்து, ஆள் காணோம் என்று தந்தி வந்தது. ஆறு மாசம் பார்த்தார்கள். பிறகு பெரியவர்கள் கூடிப் பேசி, ஆள் போய்விட்டது என்று முடிவுகட்டிக் கருமாதி செய்துவிட்டார்கள். பத்தொன்பது வயசுப் பெரியம்மாவுக்குப் பூவும் பொட்டும் எடுத்து, தாலியும் இறக்கியாயிற்று. நாலு மாசம் வெள்ளைப் புடவையில் இருந்தாள். அப்புறம் ஒரு நாள் மத்தியானம் எலும்பும் தோலுமாக ஒரு ஆள் வாசலில் வந்து நின்று தண்ணீர் கேட்டார். மயிலம் கோயிலில் வைத்து மறுபடியும் தாலி கட்டினார்கள். இதை எனக்குச் சொன்னது பெரியம்மாதான், ஏதோ ஊர்க்கதை சொல்வது மாதிரி, எனக்குப் பின்னல் போட்டுக்கொண்டே.

நான் போய் இறங்கின மறுநாளே பெரியம்மா என்னை அடுப்படியில் நிறுத்தி வைத்துச் சொன்னாள்:

"பாப்பா, ஒங்க பெரியப்பாவுக்குத் தலைசுத்தல் இருக்குது. எங்கனா வுழுந்துடுவாரு. அவரு எங்க போனாலும் நீ கையைப் புடிச்சுக்கினு கூடவே போவணும். தனியா வுடக்கூடாது. சாமி மேல சத்தியமாப் பாத்துக்கறியா?"

"பாத்துக்கறேன் பெரிம்மா."

எனக்குப் பெருமையாக இருந்தது. சண்டைக்குப் போன ஆளையே நான் பார்த்துக்கொள்கிறேன் என்றால் சும்மாவா? பெரியப்பா கைவிரல் இரண்டைப் பிடித்துக்கொள்வேன். என் பிடிக்கு அவ்வளவுதான் அடங்கும். தபால் ஆபீஸ், மில், பார்க்கில் ரேடியோ வைத்திருந்த இடம், எங்கே போனாலும் நானும். சாயங்காலம் பின்னும்போது பெரியம்மா கேட்பாள், நான் ஒப்பிப்பேன். தபால் ஆபீஸில் ஒரு கவர் போட்டார், ரேடியோ கேட்டார், டீ குடித்தார். ஒவ்வொன்றுக்கும் வெல்லம் போட்ட மல்லாட்டை உருண்டை ஒன்று கையில் வரும். ஒரு நாள் சொல்ல ஒன்றும் இல்லாமல், "வானத்தைப் பாத்தாரு" என்று சொல்லிக்கூட ஒன்று வாங்கினேன்.

தலைசுத்தல் அவருக்கு ஒரு நாளும் வரவில்லை. அது எனக்கு அப்போது தோன்றவில்லை.

ஒரு நாள் பட்டாளத்து ஏரோப்ளேன்கள் நிற்கும் தாம்பரம் பக்கமிருந்து ஒன்று தாழ்வாக வந்தது. மில் ஆட்கள், தெரு ஆட்கள் எல்லாரும் மழையில் ஓடிவந்து அண்ணாந்து நின்றார்கள். நானும் எழுந்தேன். பெரியப்பா மட்டும் எழுந்திருக்கவில்லை. டீ கிளாஸை வாய்க்குக் கொண்டுபோனவர் அப்படியே பிடித்துக்கொண்டிருந்தார். சத்தம் முழுக்க அடங்கின பிறகுதான் குடித்தார்.

தீபாவளி முடிந்து சண்டை நிதிக்குக் கூட்டம் போட்டார்கள். பெரியம்மா மேடையேறி இரண்டு தங்க வளையலைக் கழற்றிக் கொடுத்தாள். கை தட்டினார்கள். எங்களுக்குப் பின்னால் நின்ற டீக்கடைக்காரர், சிரித்த முகமாகத்தான் கேட்டார்:

"வளையலு போயிடுச்சு. மாப்ளே எப்பங்க போறாரு? ஐயா போனாத்தானே சீனாக்காரன் ஜல்தியா ஓடுவான்!"

எல்லாரும் சிரித்தார்கள். பெரியப்பாவும் சிரித்தார். என் கைக்குள் இருந்த அவருடைய விரல் மட்டும் விறைத்துப்போனது.

அந்த வாரமே அவருக்கு லெட்டர் வந்தது. அவர் போட்ட கவருக்குப் பதில். பழைய பைலட்டுகள் தேவைப்படலாம், திங்கட்கிழமை காலை பத்து மணிக்குத் தாம்பரம் வந்து ஆஜராகவும், உடம்பைச் சோதிப்போம் என்று இருந்ததாம். எனக்கு இங்கிலீஷ் தெரியாது, அவர்தான் சொன்னார். வராந்தாவில் நின்று மூன்று தரம் படித்தார். என்னை ஒரு சுற்றுச் சுற்றி இறக்கினார். ஸ்டேஷனுக்குப் போய் விடியற்காலை வண்டி எத்தனை மணிக்கு என்று விசாரித்தார். வரும் வழியில், "கண்ணு, இதைப் பெரியம்மாகிட்ட இப்பச் சொல்லாதே. நானே சொல்லிக்கறேன்" என்றார்.

சொல்லிவிட்டேன். அன்றைக்குச் சாயங்காலமே. சாமி மேல் சத்தியம் செய்திருந்தேனே.

பெரியம்மாவின் கை என் தலைமுடியில் அப்படியே நின்றுவிட்டது. அன்றைக்கு உருண்டை கொடுக்க மறந்துவிட்டாள்.

சனிக்கிழமை அப்பா விழுப்புரத்திலிருந்து வந்தார். கேட்டுக்கு வெளியே குடையைப் பிடித்துக்கொண்டு நின்றார். பெரியப்பா வராந்தாவில். நடுவில் மழை.

"அண்ணே, புள்ளைக்கு அம்மை இன்னும் எறங்கல. நாளைக்குத் திருவாமாத்தூர் வரைக்கும் வந்து கும்புட்டுட்டுப் போங்க. வூட்டுக்கு மூத்தவரு நீங்க. நான் உள்ள போவக்கூடாது பாருங்க."

"நான் கும்புட்டா சாமி கேக்குமாடா? எனக்கும் அதுக்கும் பேச்சுவார்த்தையே இல்லையே!"

"எனக்காக வாங்கண்ணே. ஒரு நாளு."

"வர்றேன்டா. அதுக்கு ஏன் இந்த மழையில நிக்கறே? திங்கக்கிழமை மட்டும் எனக்கு வேலை இருக்குது."

அப்பா தலையைக் குனிந்துகொண்டார். திங்கட்கிழமை என்ன வேலை என்று அவருக்குத் தெரியும். பெரியம்மா ஆள் அனுப்பித்தான் அவர் வந்ததே.

திருவாமாத்தூரைப் பற்றி நம் பக்கத்துக்காரர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். அங்கே அம்மன் சந்நிதியில் வட்டப்பாறை என்று இருக்கிறது. பங்காளிச் சண்டை, எல்லைத் தகராறு எதுவானாலும் அந்தப் பாறையில் கை வைத்துச் சத்தியம் செய்துவிட்டால் தீர்ந்தது. அங்கே சொன்ன சொல்லை மீறினவன் தப்பினதாக எங்கள் ஊரில் ஒருத்தரும் சொல்லமாட்டார்கள். நானும் சொல்லமாட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை அப்பா கோயிலுக்கு வெளியிலேயே நின்றுவிட்டார். பெரியப்பா, பெரியம்மா, நான் மூன்று பேரும்தான் உள்ளே போனோம். தம்பிக்காகக் கற்பூரம் ஏற்றினோம். பெரியப்பாவும் கை கூப்பினார். நெற்றியில் விபூதி வைத்துவிட்டபோது குழந்தை மாதிரிக் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு பெரியம்மா அவரைப் பாறைக்கு முன்னால் நிறுத்தினாள்.

"இதுல கை வெய்யிங்க. இனிமே ஏரோப்ளேன்ல ஏறமாட்டேன்னு சொல்லுங்க."

பெரியப்பா அவளைப் பார்த்தார். என்னையும் பார்த்தார். யார் சொல்லியிருப்பார்கள் என்று அவருக்குத் தெரிந்துபோனது. கோபப்படவில்லை.

"சண்டைன்னா வர்றேன்னு ஏற்கெனவே ஒரு எடத்துல சத்தியம் பண்ணிட்டேன். இன்னொண்ணு முடியாது."

"நான் தாலியறுத்தவ. தெரியுமா ஒங்களுக்கு? நீங்க உசுரோட காட்டுல நடந்துக்கினு இருந்தீங்க, இங்க என்னை உக்கார வெச்சு அறுத்தாங்க. இன்னொரு தடவை என்னால உக்கார முடியாது."

"அது மாதிரி ஆவாதும்மா. இப்ப ஏரோப்ளேன் எல்லாம் வேற."

"முடியாதுன்றீங்க."

"முடியாது."

பெரியம்மா சட்டென்று என் மணிக்கட்டைப் பிடித்தாள். என் உள்ளங்கையைப் பாறைமேல் வைத்து, அதன்மேல் தன் கையை வைத்து அழுத்தினாள். பாறை ஜில்லென்று இருந்தது. அவள் சத்தமாகச் சொன்னாள்:

"தாயே, இவரு இனிமே ஏரோப்ளேன்ல ஏறினா, அது இந்தப் புள்ளையோட உசுரோட போவட்டும்."

அவ்வளவுதான்.  பெரியம்மாவே தான் சொன்னதைக் கேட்டுப் பயந்தவள் போல வாயைப் பொத்திக்கொண்டாள். நான் கத்தி அழுததில் விபூதித் தட்டோடு ஒருவர் ஓடிவந்தார்.

வெளியே வந்ததும் நான் அப்பாவிடம் ஓடினேன். அம்மை வீட்டுக்காரர் என்று என்னைத் தொடாமலேயே இருந்தவர், விஷயம் கேட்டதும் என்னை இழுத்து வேட்டியோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார்.

"அண்ணி, என் பொண்ணு தலையிலயா? அங்க ஒண்ணு படுத்துக்கினு கெடக்குது. இதையும் குடுத்துட்டீங்களா?"

 அப்பா சேறும் தண்ணியுமாக இருந்த தெருவில் பெரியப்பா காலில் விழுந்தார்.

"அண்ணே, போவாதீங்கண்ணே. நேத்து ஒங்களுக்காகத்தான் வந்தேன். இப்போ என் பொண்ணுக்காகக் கேக்கறேன்."

பெரியப்பா அவரைத் தூக்கி நிறுத்தினார். "பாறையாடா இவளைக் கொல்லும்? படிச்சவன்தானே நீ" என்றார். அப்புறம் என்னைப் பார்த்தார். பாறையில் பட்ட கையை நான் பாவாடையில் தேய்த்துத் தேய்த்துத் துடைத்துக்கொண்டிருந்தேன். 

அப்பா விழுப்புரம் திரும்பினார். நாங்கள் திண்டிவனம் வந்து சேர்ந்தோம்.

திங்கட்கிழமை விடியும்போதே பெரியப்பா குளித்து, பெட்டியிலிருந்து பழைய கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். அந்துருண்டை வாசனை. பெரியம்மா கதவைப் பூட்டவில்லை. தடுக்கவும் இல்லை. இட்லிப் பானையை இறக்கிக்கொண்டே, என் பக்கம் திரும்பாமல், "நீயும் போ கூட" என்றாள்.

போனேன். வழக்கம்போல இரண்டு விரல்.

ஸ்டேஷனில் அவர் தாம்பரத்துக்கு டிக்கெட் எடுத்தார். என்னைத் திரும்ப வீட்டில் விட ஒரு போர்ட்டரிடம் சொல்லிவைத்தார். வண்டி வந்து நின்றது. கரிப்புகையும் மழையும் சேர்ந்து மூச்சு முட்டியது. பெரியப்பா என் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். தீக்காயம் பட்ட காது என் கண்ணுக்கு நேராக இருந்தது.

"கண்ணு, ஒனக்கு ஒண்ணும் ஆவாது. நான் சொல்றேன்ல?"

நான் விரலை விடவில்லை.

"நான் கையைப் புடுங்கிக்கினு போவமாட்டேன். நீயா வுட்டாத்தான் போவேன். வுடறியா?"

"பயமா இருக்குது பெரிப்பா."

"எனக்கும்தான் பயமா இருக்கும், ஒவ்வொரு தடவையும். ஏறிட்டாப் போயிடும்."

"நான் செத்துப் போயிடுவேன் பெரிப்பா."

அவர் காத்திருந்தார். கார்டு ஊதினார். போர்ட்டர், "சார், ஏறுங்க சார், வண்டி எடுத்துட்டான்!" என்று கத்தினார். நான் அந்த இரண்டு விரலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். பெட்டிகள் ஒவ்வொன்றாக எங்களைத் தாண்டிப் போயின. கடைசிப் பெட்டியும் போய், தண்டவாளத்தில் மழை விழுவது தெரிந்தது. அதுவரைக்கும் அவர் எழுந்திருக்கவே இல்லை.

அப்புறம் எழுந்து முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டு, "வா, பசிக்கும் ஒனக்கு" என்றார்.

வீட்டு வாசலில் எங்கள் இரண்டு பேரையும் பார்த்ததும் பெரியம்மா என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு அழுதாள். ஒன்பது வயசுப் பெண்ணை. அவரை நிமிர்ந்து பார்க்கவில்லை. அவர் இட்லியைச் சாப்பிட்டுவிட்டு மில்லுக்குப் போனார். அன்றைக்கு நாற்காலியை உள்ளே இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். மில் ஆட்கள் ஆச்சரியமாகப் பார்த்தார்கள்.

அடுத்த வெள்ளிக்கிழமை முருகன் படத்துக்குப் பின்னால் மெடல் இல்லை. சண்டை நிதிப் பெட்டியில் அவரே போட்டுவிட்டு வந்திருக்கிறார். "வெள்ளிதானே, உருக்கிக்குவாங்க" என்றார். என்னை அழைத்துப் போகவில்லை. அதற்குப் பிறகு எங்கேயும் அழைத்துப் போகவில்லை. காவல் தேவைப்படவில்லை.

கார்த்திகை பிறந்து நாலைந்து நாளில் சண்டை நின்றுவிட்டது. தம்பிக்குத் தண்ணீர் ஊற்றி, அப்பா வந்து என்னைக் கூட்டிப் போனார். அம்மனுக்குக் கூழ் ஊற்றினோம். எல்லாரும் பிழைத்தார்கள். அதனால் அந்தச் சத்தியம் சரிதான் என்று வீட்டில் பேசிக்கொண்டார்கள். "ஆம்பளை தங்கினாரு, புள்ளையும் தங்கிச்சு" என்று அம்மா எல்லாரிடமும் சொன்னாள். நான் அம்மன் மேல் குற்றம் சொல்லமாட்டேன். அவள் யாரையும் கேட்கவில்லை. கேட்டது நாங்கள். பெரியம்மாவையும் சொல்ல எனக்கு வாய் வராது. பத்தொன்பது வயசில் ஒரு வெள்ளைப் புடவை உடுத்திப் பார்த்தவர்களுக்குத்தான் அது தெரியும்.

மூன்று வருஷம் கழித்துப் பாகிஸ்தான் சண்டை வந்தது. எனக்குப் பன்னிரண்டு வயசு. தினம் விளக்குக்கு முன்னால் நின்று, "தாயே, என் உசுரை வெச்சுச் சொன்னதை நானே திருப்பிக் கேக்கறேன். என்னை எடுத்துக்கினாலும் சரி" என்று கேட்டேன். ஒரு வாரம் கேட்டேன். பிறகு அப்பாவிடம் அடம்பிடித்துத் திண்டிவனம் போனேன். பெரியப்பா மில் ஆபீஸுக்குள் தனியாக இருந்தார். சோடாபுட்டிக் கண்ணாடி போட்டிருந்தார். அது புதுசு. அவர் முன்னால் போய் நின்றேன்.

"பெரிப்பா, நீங்க போங்க. அம்மன்கிட்ட நான் சொல்லிட்டேன். எனக்குப் பயமில்ல."

 மேஜையிலிருந்து ஒரு லெட்டரை எடுத்தார், படிக்கவில்லை, திரும்ப வைத்தார்.

"எழுதிப் பாத்தேன் கண்ணு. போன மாசமே எழுதினேன். வேணாம்னுட்டான்."

"ஏன் பெரிப்பா?"

கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டு, என் முகம் இருக்கிற திசையில் குனிந்து பார்த்தார்.

"புரை வுழுந்துடுச்சு. இவ்ளோ கிட்டத்துல நிக்கறே, நீ அழுவறியா சிரிக்கறியான்னுகூடத் தெரியல எனக்கு."

"சிரிக்கறேன் பெரிப்பா" என்றேன்.